இரண்டு பேர், ஒரு விரிப்பு: ஃபியூகார்ட் நாடகத்தைத் தமிழில் போட நினைப்பவர்களுக்கு

ஆசிரியர் அவர்களுக்கு,

வணக்கம். ராமாயணக் காட்சி போட இருபது பேரைத் திரட்ட முடியவில்லை, இரண்டு மூன்று பேரை வைத்துத் தமிழில் போடக்கூடிய தென்னாப்பிரிக்க நாடகம் ஏதும் கிடையாதா என்று சென்ற வாரம் இதே பகுதியில் ஒரு வாசகர் கேட்டிருந்தார். தாராளமாக இருக்கிறது. அதோல் ஃபியூகார்ட் எழுதிய நாடகங்களிலேயே நாலைந்து தேறும். எழுதிய என்பதைவிட எழுதி நடித்த என்று சொல்வது பொருத்தம். 2025 மார்ச் 8 அன்று 92 வயதில் காலமான அவரை டர்பனில் உள்ள நம் தமிழ் நாடகக் குழுக்கள் இன்னும் தொடாமல் இருப்பது எனக்கு ஆச்சரியம்தான்.

முதலில் இரண்டு திருத்தங்கள். தமிழில் பலர் ‘ஃபுகார்ட்’ என்று எழுதுகிறார்கள். ஃபியூகார்ட் என்பதே உச்சரிப்பு. இரண்டாவது, ‘ஆஸ்கர் வாங்கிய படத்தை எழுதியவர்’ என்ற அறிமுகம். ‘சோட்சி’ அவருடைய நாவல். 1960களின் தொடக்கத்தில் எழுதிப் போட்டுவைத்தது, 1980இல்தான் அச்சில் வந்தது. 2005இல் வந்த படத்துக்குத் திரைக்கதை எழுதி இயக்கியவர் கேவின் ஹூட். ஃபியூகார்டே எழுதிய திரைக்கதைகள் வேறு. அவற்றைக் கீழே சொல்கிறேன்.

1932 ஜூன் 11 அன்று கரூ பகுதியில் மிடில்பர்க்கில் பிறந்தார். வளர்ந்தது போர்ட் எலிசபெத். தாய் ஆஃப்ரிகான்ஸ் பேசுபவர். கால் இழந்த தந்தை பியானோக் கலைஞர். குடும்பத்தைத் தாங்கியது தாய் நடத்திய தங்கும் விடுதியும், பிறகு செயின்ட் ஜார்ஜ் பூங்காவில் எடுத்து நடத்திய தேநீர்க் கடையும். கேப் டவுன் பல்கலைக்கழகத்தில் தத்துவம் படித்துக்கொண்டிருந்தவர், இறுதித் தேர்வை எழுதாமலே 1953இல் ஆப்பிரிக்காவின் குறுக்கே ஊர் சுற்றக் கிளம்பினார். சரக்குக் கப்பலில் வேலை பார்த்தார். திரும்பி வந்து, 1958இல் ஜோகன்னஸ்பர்க் ஃபோர்ட்ஸ்பர்க்கில் கறுப்பர்களின் பாஸ் (நடமாட்ட அனுமதிப் புத்தகம்) வழக்குகளை விசாரிக்கும் நீதிமன்றத்தில் எழுத்தர் ஆனார். சில மாதங்கள்தான். ஆனால் பாஸ் புத்தகத்தில் ஒரு முத்திரை இல்லை என்பதற்காக ஆள் மாற்றி ஆள் சிறைக்குப் போவதைப் பக்கத்தில் உட்கார்ந்து பதிவு செய்த அந்தச் சில மாதங்கள் இல்லையென்றால் பின்னாளில் ‘சிஸ்வே பான்சி’ நாடகம் வந்திருக்காது.

‘பிளட் நாட்’ 1961 செப்டம்பர் 3 அன்று ஜோகன்னஸ்பர்க் டோர்கே ஹவுஸில், ஒத்திகை அறையிலேயே அரங்கேறியது. போர்ட் எலிசபெத்தின் கோர்ஸ்டன் பகுதியில் ஒரு தகரக் குடிசையில் இரண்டு அண்ணன் தம்பி. ஒருவன் வெளுத்தவன், ஒருவன் கறுத்தவன். வெளுத்த மோரிஸாக ஃபியூகார்டும் கறுத்த ஜக்கரையாவாக ஜேக்ஸ் மொகாயேயும் நடித்தார்கள். கறுப்பரும் வெள்ளையரும் ஒரே மேடையில் நிற்பதே அன்று பெரிய விஷயம். முதல் நாள் நாடகம் ஏறக்குறைய நான்கு மணி நேரம் ஓடியது என்பதைப் போட நினைப்பவர்கள் குறித்துக்கொள்ள வேண்டும். பிறகு ஃபியூகார்டே பலமுறை வெட்டினார். 1985இல் அதே இருவரும் அமெரிக்காவில் மீண்டும் நடித்தபோது திருத்திய பிரதிதான் கைக்கு அடக்கமானது; அதையே எடுங்கள்.

அந்த நாடகத்தில் மூன்றாவது பாத்திரம் ஓர் அலாரம் கடிகாரம். அது அடித்தால் சாப்பாடு, அடித்தால் தூக்கம். கைபேசி அலாரத்தை வைத்து ஒப்பேற்றக் கூடாது. சாவி கொடுக்கும் பழைய கடிகாரமே வேண்டும். ஆனால் மேடையில் இருக்கும் கடிகாரத்தை அடிக்க விடாதீர்கள். வசனம் அரை நிமிடம் முன்பின் ஆனாலும் அது தப்பான இடத்தில் அலறும். அதே மாதிரி இன்னொரு கடிகாரத்தைத் திரைக்குப் பின்னால் ஒருவர் கையில் பிடித்து, நேரம் வந்ததும் அடிக்க விட்டு, மோரிஸின் கை மேடைக் கடிகாரத்தைத் தொட்டதும் நிறுத்த வேண்டும். ஜக்கரையா கால் வைக்கும் தொட்டியில் உண்மையிலேயே சுடுநீர் இருக்கட்டும். நாள் முழுக்க நின்ற கால் வெந்நீரில் இறங்கும்போது முகத்தில் வருவது வெறும் தொட்டிக்கு வராது.

நான் முதலில் பரிந்துரைப்பது வேறொன்று: ‘தி ஐலண்ட்’. அது எப்படி உருவானது என்று தெரிந்தால் எப்படிப் போடுவது என்பதும் பாதி தெரிந்துவிடும்.

போர்ட் எலிசபெத்தின் நியூ பிரைட்டன் குடியிருப்பைச் சேர்ந்த சிலர் 1963இல் ஃபியூகார்டைத் தேடி வந்து, எங்களோடு சேர்ந்து நாடகம் போடுங்கள் என்று கேட்டதில் பிறந்தது சர்ப்பண்ட் பிளேயர்ஸ். பாம்புகளை வைத்திருந்த பழைய குழி ஒன்றை முதல் மேடையாக நினைத்ததால் அந்தப் பெயர். ஜான் கானி 1965இலும் வின்ஸ்டன் இன்ட்ஷோனா அதற்குப் பின்னும் சேர்ந்தார்கள். (‘பிளாக் பேந்தர்’ படத்தில் வயதான அரசராக வந்தவரே இந்த ஜான் கானி என்றால் நம் பிள்ளைகளுக்குச் சட்டென்று புரியும்.) நடிகர் என்றொரு வேலை கறுப்பருக்குச் சட்டப்படி கிடையாது. அதனால் இருவரும் ஃபியூகார்ட் வீட்டு வேலையாட்கள் என்று பாஸ் புத்தகத்தில் பதிவானார்கள். நேட்டாலிலிருந்து டிரான்ஸ்வாலுக்குப் போக அனுமதிச் சீட்டு எடுத்த குடும்பங்களுக்கு இதை விளக்க வேண்டியதில்லை.

மூவரும் சேர்ந்து 1972இல் ‘சிஸ்வே பான்சி இஸ் டெட்’, 1973இல் ‘தி ஐலண்ட்’ செய்தார்கள். எழுதினார்கள் என்று சொல்லாமல் செய்தார்கள் என்கிறேன். முதலாவது ஒரு புகைப்படத்திலிருந்து தொடங்கியது: ஸ்டூடியோவில் எடுத்தது, ஒருவர் ஒரு கையில் பைப்பும் மறு கையில் சிகரெட்டும் வைத்துச் சிரிக்கிறார். ஏன் இந்தச் சிரிப்பு என்ற கேள்வியே நாடகம். இரண்டாவது, தரையில் போட்ட ஒரு விரிப்பிலிருந்து. விரிப்பின் மேல் இரண்டு நடிகர்கள். அதை மடிக்க மடிக்க இடம் குறைந்து, கடைசியில் இருவர் நிற்க மட்டும் இடம். அதுதான் அரசியல் கைதிகளை அடைத்த ராபன் தீவுச் சிறை அறை. போலீஸ் கையில் கிடைக்கக் கூடாது என்று பிரதியை எழுதி வைக்காமலே நடித்தார்கள். தீவின் பெயரைச் சொன்னாலே ஆபத்து என்பதால் முதலில் தலைப்பும் வேறு: ‘டி ஹொடோஷே ஸ்பான்’. இந்த இரண்டு நாடகங்களுக்கும் கானியும் இன்ட்ஷோனாவும் 1975இல் அமெரிக்க நாடக உலகின் டோனி விருதைச் சேர்ந்து வாங்கினார்கள். அடுத்த ஆண்டே டிரான்ஸ்கை என்ற கறுப்பர் தாயகப் பகுதியில் ‘சிஸ்வே’ நடித்ததற்காக இருவரும் கைதானார்கள்.

உங்கள் ஒத்திகையையும் அந்த விரிப்பிலிருந்தே தொடங்குங்கள். ஆறடிக்கு ஆறடி போட்டு, ஒவ்வொரு வாரமும் ஒரு மடிப்பு. அந்த இடத்துக்குள் படுப்பது, எழுவது, சண்டை போடுவது, முதுகைத் திருப்பிக்கொள்வது எல்லாம் உடம்பில் ஏறிய பிறகு வசனத்தைக் கையில் கொடுங்கள். வசனம் பாடம் ஆன பிறகு இடத்தைக் குறுக்கினால் நடிகர் காலைப் பார்த்துக்கொண்டே பேசுவார்.

மேடைக்கு வேண்டியவை: நடுவில் சற்று உயர்ந்த ஒரு தளம், மடித்து வைத்த போர்வைகளும் பாய்களும், ஒரு வாளித் தண்ணீர், இரண்டு தகரக் குவளை. அவ்வளவுதான். நம் மண்டபங்களில் கிடக்கும் மணவறைப் பலகைகளை அடுக்கினால் தளம் தயார். உடை காக்கிச் சட்டையும் அரைக்கால் சட்டையும். நடிப்பவர் தமிழர்தானே என்று நீளக் கால்சட்டை போட்டுவிடாதீர்கள். ராபன் தீவில் இந்தியக் கைதிகளுக்கு நீளக் கால்சட்டை கொடுத்தார்கள். கறுப்பருக்கு, ‘பையன்’ என்று நினைவூட்ட, அரைக்கால் சட்டை. சாப்பாட்டு அளவிலும் இதே பாகுபாடு. நாடகத்தின் இரு கைதிகளான ஜானும் வின்ஸ்டனும் எந்த வரிசையில் நிற்பவர்கள் என்று அந்த அரைக்கால் சட்டை சொல்கிறது. பெயர்களையும் மாற்ற வேண்டாம். அவை நடித்தவர்களின் சொந்தப் பெயர்கள்.

தொடக்கம் ஊமைக் காட்சி. ஒருவர் மணலை அள்ளித் தள்ளுவண்டியில் நிரப்பி மற்றவர் தோண்டும் இடத்தில் கொட்ட, அவர் அள்ளி இவர் குழியில் கொட்ட, குவியல் குறைவதே இல்லை. பத்து நிமிடத்துக்கு மேல் நீளும். வண்டியும் மண்வெட்டியும் பாவனைதான், அங்கேதான் கவிழ்கிறார்கள். பாவனை வண்டியின் கைப்பிடி ஒருமுறை இடுப்புக்கும் அடுத்தமுறை தொடைக்கும் போய்விடும். நிறைந்த வண்டிக்கும் காலி வண்டிக்கும் முதுகில் வித்தியாசம் தெரியாது. இதற்கு ஒரே மருந்து, முதல் இரண்டு வாரம் உண்மையான வண்டியில் உண்மையான மணலோடு ஒத்திகை பார்ப்பது. பிறகு மணலை எடுங்கள், அப்புறம் வண்டியை. மூன்றாவது நிமிடத்தில் மண்டபத்தில் இருமல் கேட்கும், யாராவது கைபேசியை எடுப்பார்கள். நடிகர் பதறி வேகத்தைக் கூட்டினால் போச்சு. அந்தச் சலிப்பைத்தான் பார்ப்பவருக்குத் தரவேண்டும். பின்னணி இசை வேண்டவே வேண்டாம். நம் ஆட்கள் மிருதங்கத்தைக் கொண்டுவந்து வைத்துவிடுவார்கள், அதற்காகச் சொல்கிறேன்.

அதன்பின் இருவரையும் கையோடு கை, காலோடு கால் பிணைத்து ஓடவைக்கும் இடம். சிமெண்ட் தரையில் கணுக்காலில் கயிறு கட்டி ஓடினால் தோல் உரியும், விழுந்தால் முழங்கால் போகும். பழைய வேட்டியைக் கிழித்த பட்டை போதும். உயரம் ஒத்த இருவரைத் தேர்ந்து, கட்டிய காலை முதலில் எடுக்கப் பழக்குங்கள். சைரன் ஒலியைப் பதிவில் போடலாம். வார்டரின் விசிலை மட்டும் திரைக்குப் பின்னால் ஆள் நின்று ஊதட்டும்.

கதையின் முடிச்சு எளிது. சிறைக் கச்சேரியில் இருவரும் ‘ஆன்டிகனி’ என்ற பழைய கிரேக்க நாடகத்தின் விசாரணைக் காட்சியை நடிக்கப் போகிறார்கள். ஆன்டிகனியாகப் பெண் வேடம் போட வின்ஸ்டனுக்கு வெட்கம். இடையில் ஜானுக்கு மேல்முறையீட்டில் பத்து வருடம் மூன்றாகக் குறைகிறது, இன்னும் மூன்றே மாதம். வின்ஸ்டனுக்கோ ஆயுள். ஜான் காலிக் குவளையைத் தொலைபேசிபோலப் பிடித்து நியூ பிரைட்டன் நண்பர்களோடு பேசும் இடம் ஒன்று உண்டு. மறுமுனையில் பேசுபவருக்கு நேரம் விட வேண்டும். நடிகர் மனத்துக்குள் அந்தப் பதிலை வார்த்தை வார்த்தையாகச் சொல்லிப் பார்த்துவிட்டு அடுத்த வரிக்கு வரட்டும். பக்கத்தில் வின்ஸ்டன் மெல்ல மெல்ல அந்தப் பேச்சுக்குள் இழுபடுவதும் அப்போதுதான் தெரியும்.

ராபன் தீவில் கைதிகள் உண்மையிலேயே ‘ஆன்டிகனி’ நடித்திருக்கிறார்கள். கிரேயோன் அரசனாக நடித்தவர்களில் மண்டேலாவும் ஒருவர். அந்தக் காட்சியைத் தெருக்கூத்து பாணியில் செய்யும் ஆசை நமக்கு வரும். 1860 முதல் கரும்புத் தோட்டத்துக்கு வந்தவர்களோடு வந்து இங்கே ‘சிக்ஸ் ஃபுட் டான்ஸ்’ என்று பெயர் மாறிய கூத்து நம்மிடம் இருக்கிறதே. அடவும் ராகமும் கொஞ்சம் எடுக்கலாம். கிரீடமும் புஜக்கட்டையும் கூடாது. கைதிகளிடம் இருப்பது துருப்பிடித்த ஆணியும் கயிறும்தான். மாலை அதில்தான், பிரித்த கயிறுதான் கூந்தல். கிரேயோனும் ஆன்டிகனியும் செந்தமிழில் பேசட்டும். கடைசியில் வின்ஸ்டன் கூந்தலைப் பிய்த்தெறிந்து தன் குரலில் பேசும் கணத்தில் மொழியும் பேச்சுத் தமிழுக்கு இறங்க வேண்டும். ஆங்கிலத்தில் குரலால் மட்டும் செய்வதைத் தமிழில் மொழியாலும் செய்யலாம்.

மூன்று பேர் கிடைத்தால் ‘மாஸ்டர் ஹெரால்டு அண்ட் த பாய்ஸ்’. தமிழில் இதுவே மிக நன்றாக வரும் என்பது என் கணிப்பு. மிகக் கடினமாக வருவதும் இதுதான். 1950, மழை பெய்யும் ஒரு மாலை, செயின்ட் ஜார்ஜ் பூங்கா தேநீர்க் கடை. முதலாளி அம்மாவின் 17 வயது மகன் ஹாலி. கடை வேலையாட்கள் சாம், வில்லி இருவருக்கும் நாற்பதைத் தாண்டிய வயது. ஹாலி வேறு யாருமில்லை. ஃபியூகார்டின் முழுப் பெயரே ஹெரால்டு அதோல் லானிகன் ஃபியூகார்ட். சிறுவயதில் தன்னைத் தந்தைபோல வளர்த்த மனிதரின் முகத்தில் துப்பியவர் அவர். முதலில் 1982இல் அமெரிக்காவில்தான் மேடையேற்றினார். மொகாயேவுக்கு அதற்காக டோனி கிடைத்தது. இங்கே புத்தகத்துக்கு முதலில் தடை. 1983இல் ஜோகன்னஸ்பர்க் மார்க்கெட் தியேட்டரில் ஜான் கானி சாமாக நடித்தார்.

ஆங்கிலத்தில் ஹாலியும் சாமும் ஒருவரை ஒருவர் பேர் சொல்லிக் கூப்பிடுகிறார்கள். சண்டை முற்றும்போது, இனிமேல் என்னை ‘மாஸ்டர் ஹெரால்டு’ என்றுதான் கூப்பிட வேண்டும் என்கிறான் பையன். ஒரு சொல்தான் மாறுகிறது. தமிழில் ஒவ்வொரு வினைமுற்றும் மாறும். அதனால் மொழிபெயர்ப்பவர் முதல் பக்கத்திலேயே முடிவு செய்ய வேண்டும். சாம் ஹாலியை ‘நீ’ என்பது வளர்த்த உரிமை. ஹாலி சாமை என்ன சொல்வது? நாற்பது வயதுக்காரரை நம் வீட்டுப் பையன் ‘நீங்க’ என்பான். இங்கே ‘நீ’ என்றே வைக்க வேண்டும். அன்பாகத்தான் பேசுகிறான், ஆனாலும் ‘நீ’. அந்த உறுத்தல் முதல் வரியிலிருந்தே பார்ப்பவர் காதில் விழும். ஆங்கிலத்தில் இது கிடையாது. வில்லி முதலிலிருந்தே மாஸ்டர் என்பவன், ஆகவே அவனுக்கு ‘நீங்க’, ‘வாங்க’.

சாம் மாறும் இடத்தில் ‘வா’ ‘வாங்க’ ஆகும், ‘சொன்னே’ ‘சொன்னீங்க’ ஆகும். ஒரு மணி நேரத்துக்கு மேல் ‘நீ’ போட்டுப் பேசிய நாக்கு பழக்கத்தில் பழையதற்கே போகும். பிரதியில் அந்த இடத்திலிருந்து பக்கங்களை வேறு நிறத் தாளில் அச்சடித்துக் கொடுங்கள். முடிவில் சாம் மறுபடி ‘ஹாலி’ என்று கூப்பிட்டு இன்னொரு முறை முயன்று பார்ப்போமா என்று கேட்கிறான். அங்கே ‘நீ’ திரும்பி வரும். நடுவில் ஒருமுறை தவறி வந்திருந்தாலும் இந்த இடம் செத்துப்போகும்.

‘மாஸ்டர்’ என்பதற்கு என்ன போடுவது? வெள்ளை முதலாளியைக் குறிக்கும் ‘லாணி’ என்ற நம் ஊர்ச் சொல் வாய்க்கு வரும். ரோனி கோவிந்தர் மவுண்ட் எட்ஜ்கூம் ஓட்டல் பாரில் நடக்கும் நாடகத்தின் தலைப்பிலேயே வைத்து அழியாமல் செய்த சொல். ஆனால் லாணியில் முதுகுக்குப் பின்னால் சிரிக்கும் கிண்டல் இருக்கிறது; நேருக்கு நேர் விளிக்க ஆகாது. தோட்டத்துப் பேச்சில் வந்த ‘சின்ன துரை’யே சரி. சாதிப் பெயர்களை மட்டும் உள்ளே விடாதீர்கள். இது நிறத்தின் கதை, டர்பனில் உட்கார்ந்திருப்பவர்களுக்கு நிறத்தை வேறு எதாகவும் மாற்றிக் காட்ட வேண்டியதில்லை.

துப்பும் இடத்துக்கு முன்னால் சாம் கால்சட்டையை இறக்கிப் பின்புறத்தைக் காட்டும் இடம் ஒன்று இருக்கிறது. அதனால் கோயில் மண்டபம் வேண்டாம், பள்ளி மண்டபம் எடுங்கள். வெட்டிவிட்டால் துப்பல் எங்கிருந்து வந்தது என்றே புரியாது. ஹாலி பக்கவாட்டில் நின்று துப்பட்டும். எச்சில் தெரிய வேண்டியதில்லை. சாம் கைக்குட்டையை எடுத்து எவ்வளவு நிதானமாக முகத்தைத் துடைக்கிறான் என்பதில்தான் காட்சி நிற்கிறது. காசு போட்டால் பாட்டு ஒலிக்கும் ஜூக்பாக்ஸ் கிடைக்காவிட்டால் அட்டையில் செய்து உள்ளே ஒரு விளக்கும் ஒலிபெருக்கியும் வையுங்கள். வில்லி போடும் காசு மட்டும் உலோகத்தில் விழுந்து சத்தம் கேட்க வேண்டும். அது அவன் பஸ்ஸுக்கு வைத்திருந்த காசு.

திரைக்கதைகளைச் சுருக்கமாகச் சொல்கிறேன். ராஸ் டெவனிஷ் இயக்கத்தில் மூன்று படங்கள்: ‘போஸ்மன் அண்ட் லீனா’ (1973), ‘தி கெஸ்ட்’ (1977), ‘மாரிகோல்ட்ஸ் இன் ஆகஸ்ட்’ (1980). மூன்றிலும் எழுத்து ஃபியூகார்ட், நடிப்பிலும் அவர் உண்டு. அவர் நடித்த பிறர் படங்களில் ‘தி கில்லிங் ஃபீல்ட்ஸ்’ இருக்கிறது. நமக்கு நெருக்கமானது 1982இல் வந்த ‘காந்தி’. அதில் ஜெனரல் ஸ்மட்ஸாக வருபவர் ஃபியூகார்ட். எந்த ஸ்மட்ஸ் அமைச்சராக இருந்தபோது இந்தியர்கள் மேல் விதித்த மூன்று பவுண்டு வரியை எதிர்த்து நம்மவர்கள் சிறை போனார்களோ, வள்ளியம்மை மாரிட்ஸ்பர்க் சிறையிலிருந்து காய்ச்சலோடு வெளியே வந்து 1914 பிப்ரவரி 22 அன்று இறந்தாரோ, அந்த ஸ்மட்ஸ். 1967இல் ‘பிளட் நாட்’ பிபிசியில் ஒளிபரப்பானதும் ஃபியூகார்டின் பாஸ்போர்ட்டைப் பறித்தது இந்த நாட்டு அரசு. அவருக்கு அந்த வேடத்தைக் கொடுத்தவருக்கு நல்ல குறும்பு.

கடைசியாக உரிமை. இங்குள்ள சட்டப்படி ஆசிரியர் இறந்த ஆண்டு முடிவிலிருந்து 50 ஆண்டுகள் பதிப்புரிமை உண்டு. அதாவது ஃபியூகார்ட் தனியே எழுதியவற்றுக்கு 2075 முடியும்வரை. ‘தி ஐலண்ட்’, ‘சிஸ்வே’ இரண்டும் மூவரின் கூட்டுப் படைப்பு. இன்ட்ஷோனா 2018இல் காலமானார், கானி இருக்கிறார். ஆகவே அந்த இரண்டுக்கும் கணக்கே இன்னும் தொடங்கவில்லை. மொழிபெயர்க்க ஓர் அனுமதி, மேடையேற்ற வேறோர் அனுமதி. ஒன்றை வாங்கிவிட்டு மற்றதையும் வாங்கியதாக நினைத்துக்கொள்வதுதான் வழக்கமான தவறு. நூலின் முதல் பக்கங்களில் உரிமைக்கு யாரைக் கேட்க வேண்டும் என்று அச்சிட்டிருக்கும். எத்தனை காட்சி, எத்தனை இருக்கை, நுழைவுக் கட்டணம் உண்டா இல்லையா, எந்த மொழி என்பதை எழுதிக் கேளுங்கள். கட்டணம் இல்லாத கோயில் விழா என்றாலும் கேட்க வேண்டும். பதில் வர மாதங்கள் ஆகலாம். சித்திரைப் புத்தாண்டுக்குப் போட நினைப்பவர்கள் தீபாவளிக்கு முன்பே கடிதம் அனுப்பிவிடுவது நல்லது. காத்திருக்கும் நேரத்தில் அந்தத் தள்ளுவண்டி ஒத்திகையை முடித்துவிடலாம்.

இப்படிக்கு,
நாடகப் பயிற்சியாளர் ஒருவர்,
சாட்ஸ்வர்த், டர்பன்